கரைக்காக ஒரு சிவப்புக் கண்ணாடி

அவர் ஒளிப்பதிவு செய்து இயக்கிய ஒரே படம் காஞ்சிபுரத்தில் ஆறு நாள் ஓடியது. வேறு எந்த ஊரிலும் ஓடவில்லை. அதற்கு முன் கோடம்பாக்கத்தில் பன்னிரண்டு ஆண்டுகள், திரையில் வேறொருவர் பெயர் வரும் படங்களுக்கு அவர் கேமராவை இயக்கிக்கொண்டிருந்தார். அதற்குப் பிறகு அரசுத் துறைகளுக்குச் சிறு படங்கள் எடுத்தார். அவற்றில் யார் பெயரும் போடுவதில்லை. அவருடைய தொழிலைப் பற்றி எழுத உட்கார்ந்தால் கைக்கு வருவது அந்த ஆறு நாள்தான். ஆறு நாளும் நான் ஊரில் இருந்தேன்.

அது அறுபதுகளின் பின்பகுதி. நான் ஒரு நாளிதழின் காஞ்சிபுரம் நிருபர். பெரிய காஞ்சிபுரத்தில் ஒரு சைக்கிள் கடையின் மாடியில் என் அறை. ஒரு நாள் காலை பத்து மணி வாக்கில் படியேறி வந்தார். நாற்பது வயதைத் தாண்டியவர், ஒல்லி, வெள்ளை அரைக்கைச் சட்டை. உள்ளே நுழைந்ததும் வணக்கம் சொல்வதற்கு முன் தன் புறங்கையை ஜன்னல் பக்கம் நீட்டி ஒரு முறை பார்த்துக்கொண்டார். வெளிச்சம் எப்படி விழுகிறது என்று பார்க்கிற பழக்கம் என்று பின்னால் தெரிந்தது. எந்த வீட்டுக்குப் போனாலும் அதைச் செய்வார்.

முசரவாக்கத்து விவசாயக் குடும்பம். பதினெட்டு வயதில் மெட்ராஸுக்குப் போனவர். வாலாஜாபாத்தில் அரிசி மில் வைத்திருந்த ஒருவர் அவர் படத்துக்குப் பணம் போட முன்வந்திருந்தார். நெசவாளர் கதை, கருப்பு வெள்ளை. வெளியூர் விநியோகஸ்தர்கள் யாரும் முன்கூட்டி வாங்கத் தயாராக இல்லை. காஞ்சிபுரத்துக்காரர்கள் பார்த்து ஒப்புக்கொள்ளட்டும், பிறகு பேசலாம் என்று சொல்லிவிட்டார்கள். இந்த ஊரில் ஓடினால் மற்ற ஊர்களுக்குப் போகும், இல்லையென்றால் பெட்டிக்குள் போகும். இதை அவர் மறைக்காமல் சொன்னார். தனக்கு ஒரு நெசவாளர் தெரு வேண்டும், நடிக்காத மனிதர்கள் வேண்டும் என்றார். நிருபருக்குத் தெருக்கள் தெரியும் என்பதால் என்னிடம் வந்திருந்தார்.

கதை இரண்டு சகோதரர்களைப் பற்றியது. கரையைத் தனியாகக் கோத்து நெய்யும் பட்டுப் புடவைக்குத் தறியில் இரண்டு பேர் உட்கார வேண்டும். ஒருவர் உடலை நெய்வார், மற்றவர் பக்கத்தில் இருந்து கரைக்கு நூல் ஓட்டும் நாடாவை வீசுவார். அண்ணனும் தம்பியும் அப்படி ஒரே தறியில் இருபது வருஷம் இருந்துவிட்டுச் சண்டையில் பிரிகிறார்கள். கடைசியாகச் சேர்ந்து நெய்த புடவை யாரோ ஒரு பெண்ணின் கல்யாணத்துக்குப் போகிறது. அந்தக் கல்யாணத்துக்கு அண்ணன் வருகிறான். மணப்பெண்ணின் கரையைப் பார்க்கிறான், தம்பியின் கை தெரிகிறது. வசனம் இல்லை. படமே அந்த ஒரு காட்சியில்தான் முடிகிறது.

நான் அறிமுகப்படுத்திய நெசவாளிக்கு ஐம்பது வயது இருக்கும். தெருவில் அவர் சொன்னால் நாலு வீடு கேட்கும். தன் வீட்டையும் தறியையும் கொடுக்க அவர் சம்மதித்தார். தறியில் அப்போது ஏறியிருந்தது இலைப்பச்சை உடலும் அரக்குக் கரையும். அதில் ஒரு முழம் நெய்து முடித்ததும் நம் ஆள் அதைச் சாதாரணக் கேமராவில் எடுத்து மெட்ராஸில் கழுவிக்கொண்டு வந்தார். நெசவாளி படத்தை வாங்கிக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார், தள்ளிப் பிடித்தார்.

"கரை எங்கப்பா?" என்றார்.

கரை இல்லை. பச்சையும் அரக்கும் ஒரே சாம்பல் நிறமாக விழுந்திருந்தன. ஊரிலேயே எடுப்பான ஜோடி என்று பேர் பெற்ற இரண்டு நிறம் ஃபிலிமுக்கு ஒன்றாகத்தான் தெரிந்தது. சரிகைக் கோடு மட்டும் எதன்மேல் ஓடுகிறது என்று தெரியாமல் ஓடியது.

தறியில் நீளவாக்கில் ஏறியிருக்கும் பாவு நூலில் உடல் பாவு பெரிது, அதை மாற்ற முடியாது. கரைப் பாவு தனி, அதை மாற்றலாம். மாம்பழ மஞ்சள் போடட்டுமா என்று நெசவாளி கேட்டார். மஞ்சளில் சரிகை கரைந்துபோகும் என்று இவர் மறுத்தார். கருப்பு போடுங்கள் என்றார். படத்தில் அது நல்ல ஆழமான அரக்காகத்தான் தெரியும், யாருக்கும் கருப்பு என்று தெரியாது, கலரே இல்லாத படத்தில் கருப்பு என்ன சிவப்பு என்ன என்று விளக்கினார். நெசவாளியின் மனைவி உள்ளே நாடாவுக்கு நூல் தார் சுற்றிக்கொண்டிருந்தார். சுற்றுவது நின்றது.

"கல்யாணக் கூறையில கருப்பா?" என்றார் நெசவாளி. "உன் பொட்டி கண்ணுக்குத் தெரியாதுபா. என் தறிக்குத் தெரியுமே."

இரண்டு பேரும் கோபப்படவில்லை. இரண்டு பேரும் இறங்கவும் இல்லை. ஒரு வாரம் கழித்து அவர் மெட்ராஸிலிருந்து வட்டமான ஒரு சிவப்புக் கண்ணாடியோடு வந்தார். லென்ஸுக்கு முன்னால் மாட்டுவது. என்னையும் அதன் வழியாகப் புடவையைப் பார்க்கச் சொன்னார். பச்சை கிட்டத்தட்டக் கருப்பாகிவிட்டது, அரக்கு வெளுத்துக் கரையாக நின்றது, சரிகை தனியாகத் தெரிந்தது. சிவப்பு எதுவானாலும் இது வெளுப்பாக்கும், பச்சையை இருட்டாக்கும், வெயில் மட்டும் நிறைய வேண்டும் என்றார். அன்று அவர் முகத்தில் பார்த்த நிம்மதியை நான் பிறகு பார்க்கவில்லை.

மணப்பெண்ணாக நடித்தவருக்கு மெட்ராஸிலிருந்து மேக்கப்காரர் வந்தார். சிவப்புக் கண்ணாடியில் உதடு காணாமல் போகும் என்பதால் உதட்டுக்குக் கரும்பழுப்பு, நெற்றிக்குக் கருப்புச் சாந்து. எல்லாம் இவர் சொன்னபடி. மேக்கப்காரர் மற்றவர்களையும் உட்காரச் சொன்னபோது இவர் தடுத்துவிட்டார். கல்யாணத்துக்கு வந்தவர்களாகத் தெருப் பெண்கள் பத்துப் பதினைந்து பேர் உட்கார இருந்தார்கள். நீங்கள் உங்கள் வீட்டுக் கல்யாணத்துக்கு எப்படிப் போவீர்களோ அப்படி வாங்க, பவுடர் கூட வேண்டாம் என்று முதல் நாளே வீடு வீடாகப் போய்ச் சொல்லியிருந்தார். ஸ்டுடியோவில் பன்னிரண்டு வருஷம் அவர் பார்த்த துணை நடிகர்கள் எல்லோரும் மேக்கப் அறை வழியாக வந்தவர்கள். இந்தத் தெருவில் மேக்கப் அறை இல்லை என்பதுதான் அவருக்குப் பெருமையாக இருந்தது.

பெண்கள் காலையிலேயே காமாட்சி கோயிலுக்குப் போய்விட்டு வந்தார்கள். அர்ச்சனைக் குங்குமம், நல்ல அகலமாக. வெயிலுக்காகக் கூரை போடாத பந்தலுக்கு வெளியே நான் நின்றுகொண்டிருந்தேன். நெசவாளியின் மனைவி இரண்டாவதாக உட்கார்ந்திருந்தார், பச்சைப் புடவை, நெற்றி நிறையக் குங்குமம். வெயில் முகத்தில் நேராக அடித்தது, கண்ணைச் சுருக்காதீங்கம்மா என்று இவர் கெஞ்சிக்கொண்டிருந்தார். பக்கத்தில் இருந்தவர், சுருக்காம இருக்கறதுக்கு நாங்க இன்னா சினிமா ஸ்டாரா என்று சொல்ல, வரிசையே சிரித்தது. சிரிப்பு அடங்கியதும் கேமரா ஓடியது.

ஒரே ஷாட். மணப்பெண்ணின் புடவைக் கரையில் தொடங்கி, பின்னால் உட்கார்ந்திருந்த பெண்களின் முகங்களை ஒவ்வொன்றாகக் கடந்து, கடைசியில் தூணோரம் நிற்கும் அண்ணனின் முகத்தில் நின்றது. பதினோரு நொடி. இரண்டாவது தடவையே சரியாக வந்துவிட்டது என்றார்.

படம் முடிய எட்டு மாதம் ஆனது. ஒரு வெள்ளிக்கிழமை மதியக் காட்சியில் வெளியானது. தெருவில் அன்று தறிச் சத்தமே இல்லை. பெண்கள் பெண்களுக்கான பெஞ்சு வரிசைகளை நிறைத்திருந்தார்கள். இவர் முதல் காட்சிக்கு வரவில்லை, மெட்ராஸில் இருந்தார். நான் கடைசியில் சுவரோரம் உட்கார்ந்திருந்தேன். இரண்டு மணி நேரம் கூட்டம் நன்றாகவே பார்த்தது. தறிக் காட்சிகளில் யாராவது ஒருவர் கை சரியில்லை என்பார், பக்கத்தில் உள்ளவர் சரிதான் என்பார். அப்படி உரிமையோடு பார்த்தார்கள்.

பிறகு கல்யாணம் வந்தது. கரை தெரிந்தது, கத்தியால் கீறியதுபோல் தெளிவாக. கேமரா நகர்ந்தது. மணப்பெண்ணின் நெற்றியில் பொட்டு இருந்தது. அவருக்குப் பின்னால் இருந்த ஒருவருக்கும் இல்லை. பூ இருந்தது, தாலிச் சரடு இருந்தது, சிரித்து முடித்த முகங்கள் இருந்தன, நெற்றிகள் மட்டும் துடைத்து விட்டதுபோல் இருந்தன. வரிசையாகப் பத்துப் பதினைந்து பேர்.

யாரும் கத்தவில்லை. பெண்கள் பெஞ்சில் ஒருவர் எழுந்தார், பிறகு அந்த பெஞ்சு எழுந்தது, பிறகு அடுத்தது. படம் ஓடிக்கொண்டிருந்த வெளிச்சத்தில் வாசலை நோக்கிப் போனார்கள். ஆண்களில் பாதிப் பேர் பின்னால் போனார்கள். வெளியே சோடாக் கடை அருகே நெசவாளி நின்றுகொண்டிருந்தார். அவரோடு தறியில் உட்காரும், தன் மனைவியையும் அந்த வரிசையில் பார்த்துவிட்டு வந்த வயதானவர் ஒருவர், "நான் செத்துட்டேன்பா. எங்கிட்டயே யாரும் சொல்லல" என்றார். இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். நெசவாளி சிரிக்கவில்லை.

அன்று மாலை எட்டு வரியில் செய்தி அனுப்பினேன். திரையரங்கின் பெயர் போடவில்லை, படத்தின் பெயரைப் போட்டேன். திருமணக் காட்சியில் சுமங்கலிப் பெண்களைப் பொட்டில்லாமல் படம் பிடித்திருந்தார்கள் என்றும், அதனால் நெசவாளர் குடும்பங்கள் எழுந்து வெளியேறின என்றும் எழுதினேன். மறுநாள் மூன்றாம் பக்கத்தில் வந்தது. ஒரு சொல்லும் மாற்றாமல் போட்டிருந்தார்கள். அதில் எனக்குக் கொஞ்சம் திருப்தி இருந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

சனிக்கிழமை அவர் பஸ்ஸில் வந்து இறங்கி நேராக நெசவாளியின் வீட்டுக்குப் போனார். வழியில் என்னையும் கூப்பிட்டுக்கொண்டார். செய்தியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. வீட்டில் நெசவாளி அவரைப் பார்க்காமல் தறிக்குழியிலேயே உட்கார்ந்திருந்தார். சிவப்புக் கண்ணாடி கரையைப் போலவே குங்குமத்தையும் வெளுப்பாக்கித் தோலோடு கரைத்துவிட்டதை இவர் நின்றபடியே சொன்னார். தான் முன்னாலேயே யோசித்திருக்க வேண்டும் என்றார். அந்த ஷாட்டைப் படத்திலிருந்து வெட்டி எடுத்துவிடுகிறேன் என்றார். அந்த ஷாட் இல்லாமல் படத்துக்கு முடிவே இல்லை என்பது எனக்குத் தெரியும். அதைச் சொல்லும்போது அவர் குரல் மாறவில்லை.

பதில் சொன்னது நெசவாளியின் மனைவி.

"வெட்டிட்டா? நாங்க கல்யாணத்துக்கே வரலன்னு ஆயிடும். ஊரே வந்து பாத்துச்சு நாங்க உக்காந்துக்கினு இருந்தத. வெட்ட வாணாம். பொட்டு வெய்யி."

அது முடியாதும்மா, எடுத்தது எடுத்ததுதான் என்று இவர் விளக்கப் பார்த்தார். ஒரு நொடிக்கு இருபத்துநாலு படம், ஒவ்வொன்றிலும் கையால் வைத்தால்தான் உண்டு, வைத்தாலும் ஒரு இடத்தில் நிற்காது என்றார்.

"கையாலதான் வெப்பாங்க பொட்டு. வேற எதால வெப்பாங்க?" என்றார் அந்த அம்மாள். "நீ எடுத்தது. நீயே வெய்யி."

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு அவர் தியேட்டரின் ஆபரேட்டர் அறைக்குப் போய்விட்டார். நான் எட்டரைக்குப் போனேன். கடைசி ரீலைச் சுற்றி எடுத்து, அந்த ஷாட் வரும் இடத்தை ஒரு கண்ணாடிப் பலகைமேல் போட்டிருந்தார். பலகைக்குக் கீழே ஒரு பல்பு. பட்டு டிசைனைக் கட்டத் தாளில் வரைகிற ஒருவரிடம் கேட்டு வாங்கி வந்த மெல்லிய தூரிகை, கருப்பு மை, கடிகாரம் ரிப்பேர் செய்கிறவர்கள் கண்ணில் வைத்துக்கொள்ளும் லென்ஸ். ஒவ்வொரு சின்னச் சதுரத்திலும் மூன்று முகம் இருந்தது, சிலவற்றில் நாலு. ஒவ்வொரு நெற்றியிலும் தூரிகை நுனியால் ஒரு தொடல். பிறகு மூச்சை விட்டுவிட்டு அடுத்தது. ஆபரேட்டர் வாசலில் பீடியோடு நின்று, உள்ளே பற்ற வைக்கக் கூடாதென்பதால் பற்ற வைக்காமலே வாயில் வைத்திருந்தார்.

எனக்குக் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று இருந்தது. மெட்ராஸில் கழுவி வந்ததும் முதலில் போட்டுப் பார்த்திருப்பீர்களே, அப்போது தெரியவில்லையா என்று கேட்டேன். அவர் தூரிகையை மையில் தொட்டுக்கொண்டு சொன்னார்.

"பாத்தேன் சார். ஏழெட்டு தடவ போட்டுப் பாத்தேன். கரை தெரியுதான்னு பாத்தேன்."

 மதியக் காட்சிக்கு அரை மணி இருக்கும்போது முடித்தார். ஃபிலிமை வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்தபோது அழகாகத்தான் இருந்தது, எல்லா நெற்றியிலும் கடுகளவுக்கும் குறைவான புள்ளி. திரையில் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியும். ஆடும் சார் என்று மட்டும் சொன்னார்.

தெருவிலிருந்து பெண்கள் வந்திருந்தார்கள், எல்லோரும் இல்லை, ஏழெட்டுப் பேர். நெசவாளியின் மனைவி முதல் பெஞ்சில். இவர் ஆபரேட்டர் அறையில் நின்று அந்தச் சிறிய துவாரம் வழியாகப் பார்த்தார். நான் கீழே இருந்தேன்.

ஆடியது. அவர் சொன்னதைவிட அதிகமாக ஆடியது. தலைமுடி அகலம் தவறிய புள்ளி திரையில் இரண்டு விரல்கடை தவறியது. பொட்டுகள் நெற்றியில் உட்காராமல் ஈப்போல் துள்ளின, புருவத்துக்கு இறங்கின, மேலே ஏறின, ஒரு முகத்திலிருந்து அடுத்த முகத்துக்குத் தாவுவதுபோல் இருந்தன. பின் வரிசையில் இருந்த இளைஞர்கள் முதலில் சிரித்தார்கள். பிறகு தியேட்டர் முழுவதும் சிரித்தது. அண்ணனின் முகம் வந்து நின்றபோதும் சிரிப்பு நிற்கவில்லை. படம் அங்கே முடிந்துவிடுகிறது, ஆகவே விளக்கு போட்டபோது எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

நெசவாளியின் மனைவி எழுந்து முந்தானையைச் சரி செய்துகொண்டார். பக்கத்தில் இருந்த பெண் ஏதோ கேட்டார்.

"ஆடுனா ஆடட்டும். இருக்குதுல்ல" என்றார் அந்த அம்மாள். சிரிக்கிறவர்களை ஒரு முறை திரும்பிப் பார்த்துவிட்டுப் போனார்.

அடுத்த மூன்று நாளும் தியேட்டர் நிறைந்தது. அந்தப் பதினோரு நொடிக்காக வந்தார்கள். கல்லூரிப் பையன்கள் கடைசி ரீலுக்கு மட்டும் உள்ளே விடச் சொல்லிக் கேட்டார்கள். புதன்கிழமை அரிசி மில்காரர் வந்து பார்த்தார், கூட்டத்தைப் பார்த்து முதலில் சந்தோஷப்பட்டு, பிறகு சிரிப்பைக் கேட்டுவிட்டு, அன்று மாலையே பெட்டியை எடுக்கச் சொன்னார். விநியோகஸ்தர்கள் காஞ்சிபுரம் வரைக்கும் வரவில்லை. அவர்கள் கையில் என் எட்டு வரி இருந்தது. மெட்ராஸ் வாரப் பத்திரிகை ஒன்று அதை எடுத்துக் கேலியாக எழுதியிருந்தது. பொட்டு வைக்கப்பட்டதை யாரும் எழுதவில்லை. நானும் எழுதவில்லை. அது செய்தி இல்லை என்று நினைத்தேன்.

கோடம்பாக்கத்தில் அவரைக் கண்டால் ஷாட்டுக்கு முன்னால், பொட்டு வெச்சாச்சா என்று கேட்டார்களாம். லைட் பாய் முதற்கொண்டு கேட்டார்களாம். இதை எனக்குச் சொன்னவர் அவர் இல்லை, அவரோடு வேலை பார்த்த இன்னொருவர். ஒரு வருஷத்துக்குள் அவர் ஸ்டுடியோ வேலையை விட்டுவிட்டார். உரம் போடுவது, தொழுநோய்க்கு மருந்து, கிணற்றில் மருந்து தெளிப்பது என்று துறைகளுக்குப் படம் எடுத்தார். எங்கள் மாவட்டத்துக் கிராமங்களில் வேனில் திரை கட்டிக் காட்டினார்கள். ஒன்றிரண்டை நான் பார்த்திருக்கிறேன். உரப் படத்தில் ஒரு காட்சி, வரப்பில் நடந்து வரும் ஒரு பெண்ணின் முகத்தில் காலை வெயில் படிப்படியாக ஏறுவது. அதைப் பார்த்து இன்னார் எடுத்தது என்று சொல்ல அந்தக் கூட்டத்தில் என்னைத் தவிர ஆள் இல்லை.

எழுபதுகளின் நடுவில் ஒரு நாள் மறுபடியும் என் அறைக்கு வந்தார். படியேறியதும் மூச்சு வாங்கியது. புறங்கையை ஜன்னலுக்கு நீட்டவில்லை, நேராக வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். சர்க்கரை வியாதி, கண்ணில் படலம், இனி கேமரா முடியாது என்று டாக்டர் சொல்லிவிட்டதாகச் சொன்னார். முசரவாக்கத்தில் தங்கைக்குப் பங்கு நிலம் எழுதிக்கொடுக்க வந்தவர், போகிற வழியில் பார்த்துவிட்டுப் போகலாம் என்று ஏறியிருக்கிறார். டீ வாங்கி வரச் சொன்னேன். சர்க்கரை இல்லாமல் என்றார்.

டீ குடித்து முடித்ததும் சட்டைப் பையிலிருந்து மடித்த ஒரு தாளை எடுத்து மேசைமேல் வைத்தார். என் செய்தியின் கத்தரிப்பு. மடிப்பில் எழுத்து தேய்ந்திருந்தது.

"இதுல ஒண்ணு தப்பு சார்" என்றார். கோபம் இல்லை, அச்சுப் பிழை காட்டுகிறவர் குரல். "பொட்டில்லாம படம் பிடிச்சாங்கன்னு போட்டிருக்கீங்க. நான் பொட்டோடதான் புடிச்சேன். படத்துலதான் விழல. நீங்க அங்கதான நின்னுக்கினு இருந்தீங்க."

நின்றுகொண்டிருந்தேன். நெசவாளியின் மனைவியின் நெற்றியில் குங்குமத்தைப் பார்த்தவன் நான். அன்று மாலை எழுதும்போது திரையில் பார்த்ததைத்தான் எழுதியிருக்கிறேன். ஆறேழு வருஷம் அந்த எட்டு வரியைச் சரியான செய்தி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஒரு திருத்தம் போட முடியுமா என்று கேட்டார். இரண்டு வரி போதும் என்றார். இத்தனை வருஷம் கழித்துப் பத்திரிகையில் போடமாட்டார்கள் என்று சொன்னேன். அது உண்மைதான். கேட்டுப் பார்க்கிறேன் என்று கூட நான் சொல்லவில்லை.

சரி சார் என்றார். தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, மெட்ராஸ் பஸ் இப்போது எத்தனை மணிக்கு என்று கேட்டார். சொன்னேன். படியில் கைப்பிடியைத் தேடிப் பிடித்துக்கொண்டு மெதுவாக இறங்கினார்.